நானூறு பொய்யும் பதினான்கு மெய்யும்

படப்பிடிப்புக்குச் சாமான் சேர்க்கிற வேலைக்கு இந்த நாட்டில் இப்போது ஐந்து தமிழ்ப் பிள்ளைகள் வந்திருக்கிறீர்கள் என்று கேள்விப்பட்டேன். நான் தொடங்கியபோது ஒருவன்தான். அந்த ஒருவனுக்கும் அது என்ன வேலை என்று தெரியாது. உங்களில் தமிழ் வாசிக்கத் தெரியாதவர்களுக்கு அம்மாவோ அப்பாவோ இதை வாசித்துக் காட்டட்டும். நடுவில் அவர்கள் தங்கள் சொந்தக் கதையைத் தொடங்கினால் பொறுமையாகக் கேளுங்கள். அதுவும் இதே காலத்துக் கதையாகத்தான் இருக்கும்.

கதிரை மேசையை எங்கே தேடுவது, பழைய தொலைபேசியை யாரிடம் வாடகைக்கு எடுப்பது என்பதையெல்லாம் உங்களுக்கு ஏற்கனவே படிப்பித்திருப்பார்கள். நான் சொல்ல வந்தது ஒன்றே ஒன்று. ஒரு பொய்ச் சாமான் செய்தால் அதில் ஏதாவது ஒன்றை விட்டுவிடுங்கள். எதை விட்டீர்கள் என்பதையும் நினைவில் வைத்திருங்கள். இருபத்தெட்டு வருடமாக நான் செய்த கடவுச்சீட்டு, கடிதம், மருந்துக் குப்பி எல்லாவற்றிலும் ஒரு குறை இருக்கும். இயக்குநர்கள் திட்டுவார்கள். திட்டட்டும். ஒரு பொய்யை முழுசாகச் செய்துவிட்டு நான் பட்ட பாடு அவர்களுக்குத் தெரியாது.

ஊரிலிருந்த குடும்பத்தை இங்கே கூப்பிடும் விண்ணப்பங்கள் அசையாமல் கிடந்த காலம் அது. பிற்பாடு அதற்குத் தமிழர் வழக்கு என்று பெயர் வந்தது. வேண்டுமென்றே கிடத்தியது வெளியே வந்து அரசாங்கமே பதவி விலகியது. உங்கள் பள்ளிக்கூடப் புத்தகத்திலும் ஒரு பந்தி இருந்திருக்கும். எங்களுக்கு அப்போது பெயர் ஒன்றும் தெரியாது. யாரும் முடியாது என்று சொல்லவில்லை. பார்க்கப்படுகிறது என்றார்கள். கோப்பியும் தந்தார்கள். மனைவி பிள்ளைகளை விட்டு வந்தவர்கள் மாதத்துக்கு ஒரு தடவை போய்க் கோப்பி குடித்துவிட்டு வந்தார்கள். நான் அப்போது கல்யாணம் செய்யாதவன். எனக்குக் கூப்பிட ஆளில்லை.

கிரின்ஸ்டெட்டில் ஒரு தொழிற்சாலையில் பகல் முறை வேலை. பின்னேரம் டெனிஷ் வகுப்பு. வகுப்பில் என் பக்கத்து வாங்கில் ஒரு ருமேனியப் பெண் இருந்தார். நாற்பது வயதைத் தாண்டியவர், ஆம்பிளைகளின் நீளக் கோட்டு ஒன்றைக் கோடையிலும் கழற்றமாட்டார். பெயர் சொல்லமாட்டேன். அவருக்குப் பெயர் வெளியே போவது பிடிக்காது. அந்தப் பயத்தைத் தன் நாட்டிலிருந்து கொண்டு வந்திருந்தார்.

அங்கே அவர் திரைக்கதை எழுதியவர். அவருடைய நாட்டு அரசியல் வரலாறுதான் அவருடைய பொருள். நிலம் எப்படிக் கைமாறியது, ஊர் எப்படிப் பண்ணையாக மாறியது, அயலவன் எப்படி அதிகாரியாக மாறினான், இதையெல்லாம் எழுதுவாராம். ஒரு கதையில் கிழவன் ஒருவன் இருமுகிறான் என்று எழுதினாராம். உடனே மூன்று அதிகாரிகள் கூடிவிட்டார்கள். ஏன் இருமுகிறான்? குளிரா? அப்படியென்றால் வீட்டில் சூடு இல்லையா? சூடு இல்லையென்றால் யார் பொறுப்பு? இரண்டு மாதம் கூட்டம் நடந்தது. கடைசியில் படத்தில் கிழவன் சிரித்தான். ஏன் சிரிக்கிறான் என்று கேட்க இன்னொரு கூட்டம் போட்டார்களாம்.

ஒருநாள் வகுப்பில் இங்கே நாங்கள் போய்வந்த அலுவலகம் ஒன்றைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். நான் எனக்குத் தெரிந்த அரைகுறை டெனிஷில் எங்கள் ஆட்களின் விண்ணப்பக் கதையைச் சொன்னேன். ருமேனியர் குறுக்கே கேட்டார்.

"அந்தக் கோப்பை அசையவிடாமல் அதன் மேல் யார் இருக்கிறார்?"

"ஒருவரும் இல்லை."

"இருப்பார். எங்கள் நாட்டில் ஒவ்வொரு கோப்பின் மேலும் ஒருவர் இருப்பார். அவருக்கு ஒரு பெயர் இருக்கும், ஒரு மனைவி இருப்பாள், வயிற்றில் ஒரு புண் இருக்கும். அவரைக் கண்டுபிடித்தால் பாதிக் காரியம் முடிந்தது."

"இங்கே எல்லோரும் நல்லவர்கள். கோப்பி தருவார்கள்."

அவர் பென்சிலை எடுத்து அதை எழுதிக்கொண்டார். மூன்று மாதத்தில் ஒரு திரைக்கதையோடு வந்தார். எல்லோரும் அன்பாக இருக்கும், ஒன்றும் நடக்காத ஓர் அலுவலகத்தின் கதை. ஓல்போர்க்கிலிருந்து வந்த ஒரு இளம் இயக்குநர் அதைப் படமெடுக்க ஒப்புக்கொண்டார். சாமான் பார்க்க என்னை வரச் சொன்னார்கள். ஏன் என்னை என்று கேட்டேன். நான் ஊரில் என்ன வேலை செய்தேன் என்பதை வகுப்பில் ஒருமுறை சொல்லியிருந்தேனாம். யாழ்ப்பாணக் கச்சேரியில், அதாவது அரச செயலகத்தில், பதினொரு வருடம் எழுதுவினைஞர் வேலை. கோப்பு கட்டுவதுதான் தொழில். எங்கள் ஆட்கள் இங்கேயும் என்னைக் கச்சேரி அண்ணை என்றுதான் கூப்பிட்டார்கள். நான் தொழிற்சாலை வேலையை விட்டுவிட்டுப் போனேன். அம்மாவுக்குக் கடிதத்தில் அரசாங்க வேலை மாதிரி என்று எழுதினேன்.

கிரின்ஸ்டெட் கடைத்தெருவில் பூட்டிக் கிடந்த ஒரு தளபாடக் கடையை எடுத்து அலுவலகமாக்கினோம். கண்ணாடிக் கதவு, நீளக் கவுண்டர், வாசலில் நம்பர் துண்டு இழுக்கும் மெஷின். நானூறு கோப்புகள் செய்தேன். ஒவ்வொன்றுக்குள்ளும் படிவம், கல்யாணப் பதிவு, பிறப்புப் பதிவு. ஒரு பெயரை இரண்டு தடவை எழுதவில்லை. ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஊர், தொழில், பிள்ளைகள், ஆஸ்த்துமா என்று எல்லாம் யோசித்து எழுதினேன். கச்சேரியில் செய்த உண்மையான கோப்புகளைக்கூட நான் அவ்வளவு ஒழுங்காகச் செய்ததில்லை.

அதோடு நின்றிருக்கலாம். அலுவலகம் சொர்க்கம் மாதிரி இருக்க வேண்டும், அப்போதுதான் வலிக்கும் என்று ருமேனியர் சொல்லியிருந்தார். எனக்குக் கை துறுதுறுத்தது. வாசலில் டெனிஷ் பெயர்ப்பலகைக்குக் கீழே இன்னொரு மரப்பலகை மாட்டினேன். அழகான எழுத்தில், 'இங்கே தமிழில் கதைக்கலாம்.'

யோசித்துப் பாருங்கள். அந்த நாட்களில் இந்த நாட்டில் எந்த அலுவலகத்தின் வாசலில் அப்படி இருந்தது? அந்த ஒரு பலகையைப் பார்த்ததுமே இது பொய் என்று எந்தக் குழந்தைக்கும் தெரிந்திருக்க வேண்டும். எங்கள் சனம் அதைப் பார்த்துத்தான் உண்மை என்று நம்பியது.

படப்பிடிப்பு ஒரு வெள்ளிக்கிழமை. காலையில் நான் ஹோர்சன்ஸுக்குக் காரில் போனேன், ஒரே மாதிரியான பதினொரு கதிரைகள் எடுக்க. வரிசையில் இருந்து நடிக்கத் தொழிற்சாலை நண்பர்கள் பத்துப் பேரை ஒழுங்குபண்ணியிருந்தேன். பத்து மணிக்கு வருவார்கள் என்று இயக்குநரிடம் சொல்லிவிட்டுப் போனேன்.

ஒன்பது மணிக்கே எங்கள் ஆள் ஒருவர் கண்ணாடி வழியே எட்டிப் பார்த்திருக்கிறார். கதவு திறந்திருந்தது. உள்ளே நம்பர் மெஷின் இருந்தது. இந்த நாட்டுக்கு வந்து எங்கள் சனம் முதலில் படித்தது அதைத்தான். பாண் விற்கிற பேக்கரியோ மருந்துக் கடையோ, மெஷினைக் கண்டால் முதலில் துண்டை இழு, எதற்கு என்று பிறகு கேள். அவர் இழுத்துக்கொண்டு இருந்துவிட்டார். பிறகு போய் வீட்டிலிருந்த மற்றவர்களுக்குச் சொன்னார். அவர்கள் ஹோர்சன்ஸில் இருந்தவர்களுக்குத் தொலைபேசி எடுத்தார்கள். நான் கதிரைக்காக ஹோர்சன்ஸை நோக்கிப் போய்க்கொண்டிருந்தபோது ஹோர்சன்ஸ் ஆட்கள் எனக்கு எதிரே ஒரு காரில் ஐந்து பேராக வந்துகொண்டிருந்தார்கள். கை காட்டினார்கள். நானும் கை காட்டினேன்.

ஒரு மணிக்குத் திரும்பி வந்தேன். நான் ஒழுங்குபண்ணிய பத்துப் பேரும் உள்ளே இடமில்லாமல் வெளியே நின்று சிகரெட் குடித்தார்கள்; உள்ளே இருந்தவர்களையும் நான்தான் நடிக்கக் கூப்பிட்டேன் என்று நினைத்திருக்கிறார்கள். வாசலில் செபஸ்தியான் என் கையைப் பிடித்துக்கொண்டான். மட்டக்களப்புப் பொடியன், முன்பு தொழிற்சாலையில் என்னோடு பகல் முறையில் வேலை செய்தவன். இப்போது பின்னேர முறை. மனைவி றெஜினா, மகள் அஞ்சலா, இருவரும் ஊரில்.

"அண்ணன், இப்பிடியொரு கந்தோர் திறந்திருக்கு எண்டு நீங்க ஒரு வார்த்தை சொல்லல்லியே!" என்றான். "உள்ளுக்க ஒரு ஐயா இருக்கார். ரெண்டு கையாலயும் வாங்கினார். றெஜினாட பேரைச் சரியாச் சொன்னார். பிள்ளைட பேரையும் கேட்டார்."

"என்னத்தை வாங்கினவர்?"

"எல்லாம்தான். விண்ணப்பத்திட ரெண்டாம் பிரதி, கலியாணப் பதிவு, பிள்ளைட பிறப்புப் பதிவு. அசல்தான் வேணும் எண்டார். இந்தா, பற்றுச்சீட்டு."

அசல்தான் வேண்டும் என்பது திரைக்கதையில் நாற்பத்திரண்டாம் பக்கத்தில் இருக்கும் வசனம்.

"அசலையோ குடுத்தனீர்?"

"பிறகு? மாதா கோயில் எரியக்குள்ள பதிவுப் புத்தகமும் சேர்ந்து எரிஞ்சிட்டு, உங்களுக்குத் தெரியும்தானே. எங்களுக்குக் கலியாணம் நடந்ததுக்கு அது ஒண்டுதான் கிடக்கு. ஞாயித்துக்கிழமை கோயில் சாமியார் வீட்டுக்கு போன் எடுப்பன். விசா எடுக்கப் பிள்ளையையும் கூட்டிக்கொண்டு கொழும்புக்கு வெளிக்கிடு எண்டு சொல்லப் போறன். மறுகா வாறன் அண்ணன், வேலைக்கு நேரமாச்சு."

மட்டக்களப்பிலிருந்து கொழும்புக்கு அந்தச் சண்டைக் காலத்தில் ஒரு பெண் சின்னப் பிள்ளையோடு போவதென்றால் என்ன என்று உங்கள் அம்மாமாரைக் கேளுங்கள். நான் அந்த இடத்திலேயே அவனுக்கு உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும். 'ஓம்' என்றேன். அவன் சைக்கிளில் போய்விட்டான்.

உள்ளே இயக்குநர் என்னைக் கட்டிப்பிடித்தார். கமெராவைப் பின்னறைக் கண்ணாடிக்குப் பின்னால் மறைத்து வைத்துக் காலை முழுவதும் எடுத்துத் தள்ளியிருக்கிறார்கள். "எங்கே பிடித்தீர்கள் இந்த ஆட்களை? ஒருவரும் நடிக்கவே இல்லை!" என்றார். நான் 'நன்றி' என்றேன். அதிகாரியாக நடித்தவர் ஓல்போர்க் மேடைகளில் முப்பது வருடம் நடித்த பெரியவர். கொடுமைக்காரனாக நடிக்காதீர்கள், உதவி செய்கிறவராக நடியுங்கள் என்று ருமேனியர் அவருக்குச் சொல்லியிருந்தார். மனுசன் அதை அப்படியே செய்திருக்கிறார். பதினான்கு பேரின் பெயரையும் கேட்டுச் சரியாக உச்சரித்து, பத்திரங்களை வாங்கிப் புதுக் கோப்பில் போட்டு, முத்திரை குத்தி, பற்றுச்சீட்டுக் கொடுத்து, எழுந்து நின்று அனுப்பியிருக்கிறார். யாரோ நன்றியில் ஒரு பெட்டி ரோல்ஸ் கொண்டுவந்து கொடுத்ததையும் வாங்கிச் சாப்பிட்டிருக்கிறார். எங்கள் ஆட்களிடம் கைநீட்டி வாங்கிய ஒரே டெனிஷ் அதிகாரி எனக்குத் தெரிந்து அவர்தான்.

"கோப்புகள் எங்கே?" என்று இயக்குநரிடம் கேட்டேன்.

"பின்முற்றத்தில். இரண்டு மணிக்கு எரிக்க வேண்டுமே."

அதுதான் படத்தின் கடைசிக் காட்சி. ஆட்சி மாறப்போகிறது என்று தெரிந்ததும் அதிகாரிகள் கோப்புகளையெல்லாம் முற்றத்தில் போட்டு எரிப்பார்கள். தீயணைப்பு நிலையத்திலிருந்து ஒருவர் மணிக்கூட்டைப் பார்த்தபடி நின்றார். இரண்டிலிருந்து மூன்று வரை எரிக்க அனுமதி. அதை விட்டால் எப்போது கிடைக்கும் என்று சொல்ல முடியாது. கணக்குப்படி நானூற்றுப் பதினான்கு கோப்புகள் ஒரே நிறத்தில், ஒரே நூலில் கட்டி, ஒரே குவியலாகக் கிடந்தன. பதினான்கு எவை என்று எனக்கே தெரியவில்லை. அவ்வளவு நன்றாகச் செய்திருந்தேன்.

இப்போது கவனமாகக் கேளுங்கள். முதல் அரை மணி நேரம் நான் ஒருவருக்கும் சொல்லவில்லை. புது வேலை, தொழிற்சாலையை விட்டு மூன்று கிழமைதான். நூல் முடிச்சுகளைச் சரிபார்க்கிறேன் என்று சொல்லிக்கொண்டு குவியலின் முன் குந்தினேன். இந்த வேலையில் நான் செய்த மிகப் பெரிய பிழை அந்த அரை மணி நேரம்தான். பலகை எழுதிய பிழைகூட அதற்கு அடுத்ததுதான்.

ஐந்தாறு கோப்புகளைப் புரட்டியதும் ஒரு படிவத்தின் மூலையில் மஞ்சளாக ஏதோ பட்டிருந்தது. மோந்து பார்த்தேன். மஞ்சள்தான். எங்கள் சனம் ஒரு நல்ல காரியத்துக்குக் கடதாசி கொடுப்பதென்றால் நான்கு மூலையிலும் மஞ்சள் தொட்டுத்தான் கொடுக்கும். கல்யாணக் கடிதமோ கொப்பன்ஹேகனுக்குப் போகும் படிவமோ, எல்லாம் ஒன்றுதான். நான் உத்தியோகத்தன் புத்தியில் அதை யோசிக்கவே இல்லை. என் நானூறிலும் ஒரு பொட்டு மஞ்சள் கிடையாது. பிள்ளையாரே என்று புரட்டினேன். மஞ்சள் மூலைகள் ஒவ்வொன்றாக வந்தன. ஒன்று, நான்கு, ஒன்பது, பதின்மூன்று.

பதின்மூன்றோடு நின்றுவிட்டது. பெயர்களைப் பார்த்தேன். செபஸ்தியான் இல்லை. அவன் வேதக்காரன், கிறிஸ்தவப் பொடியன், மஞ்சள் தொடமாட்டான். என் பொய்க் கோப்புகளிலும் மட்டக்களப்புக்காரர், வேதக்காரர் என்று பேர் வைத்து நாற்பது ஐம்பது செய்திருந்தேன். அந்த நிறைவுக்கும் அன்றைக்குத்தானா பலன் கிடைக்க வேண்டும்.

ஒன்றே முக்காலுக்கு ருமேனியரிடம் போய்ச் சொன்னேன். சத்தம் போடுவார் என்று நினைத்தேன். அவர் இரண்டு கேள்விதான் கேட்டார்.

"இன்னும் எத்தனை உள்ளே இருக்கிறது?"

"ஒன்று."

"அது எரிந்தால்?"

"அவருக்குக் கல்யாணமே நடக்கவில்லை என்று ஆகிவிடும்."

அவர் கோட்டுப் பொத்தான்களை மேலிருந்து கீழ்வரை பூட்டினார். போய்க் கோப்புக் குவியலின் மேல் ஏறி இருந்துவிட்டார்.

இயக்குநர் ஓடி வந்தார். "இந்தக் காட்சியில் நீங்கள் இல்லை!"

"இப்போது இருக்கிறேன்."

"எழும்புங்கள், அனுமதி ஒரு மணி நேரம்தான்!"

"கோப்பின் மேல் ஒருவர் இருக்க வேண்டும். இந்த நாட்டில் ஒருவரையும் காணவில்லை. ஆகவே நான் இருக்கிறேன்."

தீயணைப்புக்காரர் தன் கடதாசியை எடுத்து வாசித்துவிட்டு மரியாதையாகக் கேட்டார். "மன்னிக்க வேண்டும், இந்த அம்மாவையும் சேர்த்து எரிக்கப்போகிறீர்களா? அனுமதியில் காகிதம் என்று மட்டும்தான் போட்டிருக்கிறது."

செபஸ்தியானுக்குத் தன் கடதாசி பார்த்ததும் தெரியும் என்று நான் காரை எடுத்துக்கொண்டு தொழிற்சாலைக்குப் போனேன். முகாமையாளரிடம் கெஞ்சிச் செபஸ்தியானை வெளியே கூப்பிட்டேன். வாசலில் வைத்து எல்லாவற்றையும் சொன்னேன். அவன் வேலைத் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு கேட்டான்.

"எல்லாம் பொய்யா அண்ணன்?"

"வந்த ஆக்கள் உண்மை. கந்தோர்தான் பொய்."

"அந்த ஐயா?"

"நடிகர்."

"நல்ல மனுசனா இருந்தாரே," என்றான். அவன் அடித்திருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும். வெட்கத்தில் அவன் முகத்தைப் பார்க்க முடியவில்லை. இதை எழுதும்போதும் அந்த வெட்கம் அப்படியேதான் இருக்கிறது.

முற்றத்தில் ருமேனியர் அசையாமல் இருந்தார். அவருக்குக் கீழேயிருந்து ஒவ்வொரு கோப்பாக இழுத்து நானும் செபஸ்தியானும் பார்த்தோம். நான் வேகமாகத் தள்ளினேன். அவனால் முடியவில்லை. ஒவ்வொன்றையும் திறந்து வாசித்தான்.

"இது ஆர் அண்ணன், பரமேஸ்வரி? நாலு பிள்ளையள். கடைசிப் பிள்ளைக்கு மூச்சு முட்டுற வருத்தமாம். புருசன் ஓல்போர்க்கில. பாவம்."

"அது நான் கற்பனையில செய்தது. விட்டிட்டு அடுத்ததைப் பாரும்."

"கற்பனையிலயும் அந்த மனுசிய அலைய விட்டிட்டீங்களே. உங்கட கையிலதானே இருந்த. ஓம் எண்டு ஒரு கையெழுத்து வெச்சா குறைஞ்சா போவீங்க?"

நான் அடுத்த கோப்பை இழுத்தேன். மணி இரண்டரை. இயக்குநர் தலையில் கை வைத்துப் படியில் இருந்தார். இன்னும் பார்க்க ஐம்பது கோப்புகூட மிச்சமில்லை, செபஸ்தியானின் கோப்பு மட்டும் கிடைக்கவில்லை.

அப்போதுதான் நடிகர் மதியச் சாப்பாடு முடித்து, கக்கத்தில் ஒரு கோப்போடு வெளியே வந்தார். நேராக என்னிடம் வந்து தலை குனிந்தார்.

"மன்னிக்க வேண்டும், இதை உங்களிடம் கேட்காமல் எடுத்துப் போனேன். சாப்பிடும்போது வாசித்தேன். முப்பது வருடம் நடிக்கிறேன், இப்படி ஒரு சாமானை நான் கையில் எடுத்ததில்லை. இதைப் பாருங்கள். பிள்ளையின் வயது. மூன்று என்று எழுதி அதை வெட்டி நான்கு என்று எழுதியிருக்கிறீர்கள். பிறகு நான்கை வெட்டி ஐந்து. மை கூட வேறு வேறு. அதிகாரி பதில் போடவில்லை, ஆனால் பிள்ளை வளர்கிறது. ஒரு வசனமும் இல்லாமல் முழுக் கதையும் அதில் இருக்கிறது. நீங்கள் பெரிய கலைஞர்."

நான் அப்படி ஒன்றும் செய்யவில்லை. என் நானூறு கோப்புகளிலும் பிள்ளைகளின் வயதைத் தட்டச்சில் அழகாக அடித்திருந்தேன். அவை அப்படியே நின்றன. காத்திருக்கும்போது பிள்ளைக்கு வயது ஏறும், தகப்பன் ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் பேனையை எடுத்து அதைத் திருத்துவான் என்பது எனக்குத் தோன்றவே இல்லை. எனக்குக் கூப்பிட ஆளில்லை என்று முதலே சொன்னேனே.

செபஸ்தியான் எழுந்தான். இரண்டு கையையும் காற்சட்டையில் துடைத்தான். காலையில் அந்த மனுசன் வாங்கியதைப் போலவே இரண்டு கையாலும் கோப்பை வாங்கித் திறந்து, கல்யாணப் பதிவு இருக்கிறதா என்று பார்த்து, நெஞ்சோடு அணைத்துக்கொண்டான். நடிகர் அவனைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"இதை எழுதியது இவர்தான்," என்றேன்.

நடிகருக்கு விளங்க ஒரு நிமிடம் எடுத்தது. பிறகு படியில் இயக்குநருக்குப் பக்கத்தில் போய் இருந்துவிட்டார். "ஆறு கிழமையில் பதில் வரும் என்று நான் இவரிடம் சொன்னேன்," என்றார். "அது வசனம்."

குவியலின் மேலிருந்து ருமேனியர் என்னைக் கூப்பிட்டார். "உண்மையைச் சொல்லுங்கள். இங்கே கோப்புகளை யாராவது எரிக்கிறார்களா?"

"இல்லை. அலுமாரியில் வைத்துப் பூட்டுவார்கள். திறப்பை ஒழுங்காக அதன் ஆணியில் மாட்டுவார்கள்."

"எங்கள் ஊர் நெருப்பைத் தூக்கிக்கொண்டு வந்து இங்கே வைத்துவிட்டேன்," என்றார். கோட்டுக்குள்ளிருந்து பென்சிலை எடுத்தார். என் பொய்ப் படிவம் ஒன்றின் பின்பக்கத்தில் கடைசிக் காட்சியை மாற்றி எழுதினார். அதிகாரி கோப்புகளை ஒவ்வொன்றாக அலுமாரியில் அடுக்குகிறார். பூட்டுகிறார். திறப்பை மாட்டுகிறார். யன்னலோரப் பூச்செடிக்குத் தண்ணீர் ஊற்றுகிறார். விளக்கை அணைத்துவிட்டு வீட்டுக்குப் போகிறார். அவ்வளவுதான். அன்று பின்னேரமே அதை எடுத்தோம்.

எடுப்பதற்கு முன் செபஸ்தியான் என் காதில் சொன்னான். "அண்ணன், அந்த நாலு பிள்ளைக்காரிக்கு மட்டும் ஓம் எண்டு போடச் சொல்லுங்க." நான் மொழிபெயர்த்தேன். ருமேனியர் தலையாட்டினார். நடிகர் பரமேஸ்வரியின் கோப்பைத் தேடி எடுத்து, சம்மதம் என்று எழுதிக் கையெழுத்து வைத்து, முத்திரை குத்தினார். படம் முழுவதிலும் அனுமதி கிடைத்தது இல்லாத ஒரு பெண்ணுக்குத்தான்.

தீயணைப்புக்காரர் மட்டும் போகவில்லை. அனுமதிப் பத்திரத்தில் என்ன எரிக்கப்பட்டது என்று எழுதிக் கொடுக்க வேண்டுமாம், ஒன்றுமில்லை என்று எழுத இடமில்லையாம். நான் வாசலுக்குப் போய் 'இங்கே தமிழில் கதைக்கலாம்' பலகையைக் கழற்றிக் கொண்டுவந்து, முற்றத்தில் நெருப்புக்கு வைத்திருந்த பீப்பாவில் போட்டு எரித்தேன். அவர் அதைக் காகிதம் என்று பதிந்துகொண்டு போனார்.

மற்றப் பதின்மூன்று கோப்புகளையும் சனி, ஞாயிறு இரண்டு நாளும் வீடு வீடாகப் போய்க் கொடுத்தேன். சிலர் திட்டினார்கள். சிலர் படத்தில் தங்கள் முகம் தெரியுமா என்று கேட்டார்கள். ஹோர்சன்ஸில் ஒருவர் கோப்பைத் திருப்பி வாங்கவே மறுத்துவிட்டார். "உங்களிட்டயே இருக்கட்டும் கச்சேரி அண்ணை," என்றார். "அங்க குடுத்தா ஆர் வாசிக்கப் போகினம்? உங்கட ஆக்கள் எண்டாலும் வாசிச்சவை." அதைக் கதவடியில் வைத்துவிட்டு வந்தேன்.

ஞாயிறு செபஸ்தியான் தொலைபேசி எடுத்தான். றெஜினா சாமியார் வீட்டில் காத்திருந்தாள். வெளிக்கிடு என்று சொல்ல முடியவில்லை. ஒன்றும் இல்லை என்று சொல்லவும் மனம் வரவில்லை. "பரமேஸ்வரி எண்டு ஒரு ஆளுக்குக் கிடைச்சிட்டு, நாலு பிள்ளையோட," என்று சொல்லிவிட்டானாம்.

படம் வெளியே வரவில்லை. அது வெட்டி ஒட்டப்படும்போதே இங்கே அலுமாரிகள் திறந்து விண்ணப்பங்கள் அசையத் தொடங்கின. இனி இந்தக் கதை பழசு என்றார்கள். சரி, தன் நாட்டுக் கதையாக மாற்றுகிறேன் என்று ருமேனியர் எழுத உட்கார்ந்தார். அந்தக் குளிர்காலத்தில் அங்கே ஆட்சியே விழுந்துவிட்டது. ஒரே வருடத்தில் இரண்டு தடவை காலாவதியான திரைக்கதை உலகத்தில் தன்னுடையது ஒன்றுதான் என்று பெருமையாகச் சொல்லிக்கொள்வார். பிறகு ஊருக்குப் போய்விட்டார். பல வருடம் கழித்து ஒரு கடிதம் வந்தது. அங்கே இரகசியப் பொலிஸ் தன்னைப் பற்றி வைத்திருந்த கோப்பை வாசிக்கக் கொடுத்தார்களாம். பக்கத்து வீட்டுக்காரி எழுதிக் கொடுத்த வசனங்கள் தன்னுடையதைவிட நன்றாக இருந்தனவாம். 'எல்லாம் சரியாக எழுதியிருக்கிறார்கள்,' என்று எழுதியிருந்தார். 'நான் பயந்தது மட்டும் எங்கேயும் இல்லை. அதை வைத்துத்தான் அது பொய்க் கோப்பு என்று கண்டுபிடித்தேன்.'

கடைசியில் அனுமதி கிடைத்து றெஜினாவும் பிள்ளையும் பில்லுண்ட் விமான நிலையத்தில் வந்து இறங்கினார்கள். நான்தான் காரோட்டிப் போனேன். நடிகரும் ஓல்போர்க்கிலிருந்து வந்திருந்தார், அலுவலகக் காட்சியில் போட்ட அதே சூட்டோடு. றெஜினா வந்ததும் வராததுமாக என்னிடம் கேட்டது இதுதான்: "அந்தப் பரமேஸ்வரி எங்க இருக்கா? ரெலிபோன் எடுத்தா அவட கதைதான்."

"அலுமாரியில, தங்கச்சி," என்றேன். அவளுக்கு அது பிடிக்கவில்லை. விளங்கப்படுத்த எனக்கு ஒரு வருடம் எடுத்தது.

பிள்ளை தாயின் பின்னால் ஒளிந்துகொண்டது. செபஸ்தியான் கிட்டப் போகப் பயந்து நின்றான். பிறகு சட்டைக்குள்ளிருந்து அந்த இரண்டாம் பிரதியை எடுத்து, என்னிடம் பேனை வாங்கி, ஐந்தை வெட்டினான். பிள்ளையைப் பார்த்து, "இப்ப என்ட பிள்ளைக்கு எத்தினை வயது மனே?" என்று கேட்டான். அவளே ஒரு கையை விரித்து மற்றக் கையில் ஒரு விரலைக் காட்டினாள். அவன் எழுதப் போனான். எழுதவில்லை. பேனையையும் கடதாசியையும் என் கையில் திணித்துவிட்டு அவளைத் தூக்கினான். "இது இனி உங்கட சாமான் அண்ணன்," என்றான்.

என் சாமான் அறையை இப்போது உங்களிடம் விட்டுவிட்டேன். எதை வேண்டுமென்றாலும் எடுங்கள், திருப்பி வையுங்கள். பின் அலுமாரியில் மேல்தட்டில் ஒரு படிவம் இருக்கும். அதில் மூன்று, நான்கு, ஐந்து எல்லாம் வெட்டியிருக்கும், அதற்குப் பிறகு ஒன்றும் எழுதியிருக்காது. எந்த இயக்குநர் கேட்டாலும் அதைக் கொடுக்காதீர்கள்.